கல்லிமாக்கஸை இரண்டு துண்டாக்காதீர்கள்: பாடத்திட்டக் குழுவுக்கு ஒரு திறந்த மடல்

ஒப்பியல் இலக்கியப் பாடத்திட்டக் குழுத் தலைவர் அவர்களுக்கும் உறுப்பினர்களுக்கும்,

போன மாதம் நீங்கள் கூடி எடுத்த முடிவின் நகல் என் கைக்கு வந்தது. எம்.ஏ. இரண்டாம் ஆண்டின் கிரேக்க, லத்தீன் இலக்கியத் தாளில் நான்காம் அலகை நீக்கிவிட்டீர்கள். அந்த அலகு முழுக்க ஒரே ஒரு கவிஞருக்கு உரியது. சைரீன் ஊரில் பிறந்து, கி.மு. மூன்றாம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவில் வாழ்ந்து எழுதிய கல்லிமாக்கஸ். நீக்கியதற்கான காரணத்தைக் கூட்டக் குறிப்பில் மூன்றே வாக்கியத்தில் எழுதியிருக்கிறீர்கள். இவர் பெருங்காப்பியம் எதுவும் இயற்றவில்லை. இவருடைய பாடல்கள் புலமைச் சுமை ஏறியவை, மாணவர்களுக்கு எட்டாதவை. இவர் அடிப்படையில் நூலகர் என்பதால் நூலகவியல் துறையில் ஒரு குறிப்பாக இடம்பெறுவதே பொருத்தம்.

நான் யார் என்று சில உறுப்பினர்களுக்குத் தெரியாமல் இருக்கலாம். ஒரு கல்லூரி நூலகத்தில் 31 வருடம் பட்டியல் போடும் வேலை பார்த்தவன். அட்டை தட்டச்சு செய்து, ஓட்டையில் கம்பி கோத்து, இழுப்பறையில் அகரவரிசைப்படி செருகிய தலைமுறை. வேலையில் இருக்கும்போதே தட்டுத்தடுமாறிக் கிரேக்கம் படித்தேன். படிக்கத் தூண்டியவர் இந்தக் கல்லிமாக்கஸ்தான். ஓய்வு பெற்றபின் 9 வருடமாக உங்கள் துறையில் அந்த நான்காம் அலகை நடத்தி வந்தது நான். பிழைப்பு போய்விட்டதே என்று எழுதுவதாக நினைத்துவிட வேண்டாம். ஒரு வகுப்புக்கு நீங்கள் கொடுத்த தொகையில் பஸ் செலவும் மதியச் சாப்பாடும் போனால் ஒரு டீக்குத்தான் மிச்சம்.

உங்கள் முதல் இரண்டு குற்றச்சாட்டுகளைப் படித்ததும் எனக்குக் கோபம் வருவதற்கு முன்னால் சிரிப்பு வந்தது. அவை புதியவை அல்ல. 2,200 ஆண்டுகளுக்கு முன்பே அவரை எதிர்த்தவர்கள் இதையேதான் சொன்னார்கள். எப்படித் தெரியும் என்றால், அவரே எழுதி வைத்திருக்கிறார். 'அய்த்தியா' என்ற நான்கு பாகப் படைப்பின் முன்னுரையில், தன்னைக் குறை சொல்பவர்களுக்கு டெல்கைன்கள் என்று பெயர் வைக்கிறார். டெல்கைன்கள் ரோட்ஸ் தீவுப் புராணக் கதைகளில் வரும் கொல்லர்கள், சூனியக்காரர்கள், கண்ணேறு போடுகிறவர்கள். அரசர்களையும் பழைய வீரர்களையும் பற்றிப் பல்லாயிரம் அடியில் தொடர்ச்சியாக ஒரு பாட்டு பாடி முடிக்கவில்லையாம். வயது பல பத்துகளைக் கடந்தும் சின்னப் பிள்ளையைப் போல் துளித்துளியாய்ப் பாட்டை உருட்டிக்கொண்டிருக்கிறானாம். இது அவர்களுடைய புகார். உங்கள் குறிப்பின் முதல் வாக்கியத்தை இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.

அவர் சொன்ன பதிலும் அங்கேயே இருக்கிறது. கவிதையைக் கலையைக் கொண்டு அளந்து பாருங்கள், பாரசீகக் கயிற்றைக் கொண்டு அளக்காதீர்கள் என்கிறார். அந்தக் கயிறு நிலம் அளக்கும் நெடும் அளவை. நம் ஊர் என்றால் சர்வேயர் சங்கிலி என்று சொல்லியிருப்பார். அப்புறம் ஒரு காட்சி. எழுத்துப் பலகையை முதன்முதலாக மடியில் வைத்த அன்று அப்பல்லோ வந்து தன்னிடம் சொன்னானாம்: பலி ஆட்டை எவ்வளவு கொழுக்க வைக்க முடியுமோ அவ்வளவு கொழுக்க வை, பாட்டு மட்டும் மெலிந்திருக்கட்டும். வண்டிகள் தேய்த்த பாதையில் போகாதே. குறுகலாக இருந்தாலும் யாரும் மிதிக்காத தடத்தில் போ.

அந்த 'மெலிந்த' என்ற இடத்தில் வருவது லெப்டோஸ் என்ற சொல்லோடு பிறந்த ஒரு சொல். லெப்டோஸின் வேர் உமி நீக்குவது, தோல் உரிப்பது. ஹோமரில் களத்தில் மாடு மிதித்து உமி கழன்ற வாற்கோதுமைக்கு அந்தச் சொல் வருகிறது. இதைத் தமிழில் எப்படிச் சொல்வது என்று முதல் இரண்டு வருடம் வகுப்பில் திணறினேன். மெல்லிய என்றேன், நுண்ணிய என்றேன், எதுவும் ஒட்டவில்லை. மூன்றாம் வருடம் கடைசி வரிசையில் இருந்த ஒரு பையன், நெல் வியாபாரி வீட்டுப் பிள்ளை, "சன்னம்னு சொல்லலாமே சார்" என்றான். சன்ன அரிசி, சன்னமான நூல், சன்னமான குரல். அரிசிக்கும் இழைக்கும் குரலுக்கும் ஒரே சொல்! அன்றிலிருந்து என் குறிப்புகளில் அது சன்னம்தான். மாணவர்களுக்கு எட்டாதவர் என்று நீங்கள் எழுதியிருக்கும் கவிஞரின் மையச் சொல்லை எனக்குப் பிடித்துக் கொடுத்தது ஒரு மாணவன் என்பதைப் பதிவு செய்கிறேன்.

பெருங்காப்பியம் எழுதத் துப்பில்லை என்று கேலி செய்தவர்களுக்காகவே 'ஹெக்காலே' என்ற பாட்டை எழுதினார் என்று பழைய உரைக்குறிப்பு ஒன்று சொல்கிறது. கதை மராத்தான் காளையை அடக்கப் போகும் தீசியஸைப் பற்றியது. வீரன், காளை, வெற்றி எல்லாம் உண்டு. ஆனால் பாட்டுக்குப் பெயர் அந்த வீரனுடையது இல்லை. வழியில் புயல் மழைக்கு ஒரு குடிசையில் ஒதுங்குகிறான். அங்கே இருக்கும் ஏழைக் கிழவியின் பெயர்தான் ஹெக்காலே. அவள் இருப்பதைப் போட்டு உபசரிக்கிறாள். காளையை அடக்கிவிட்டு அவன் திரும்பி வரும்போது அவள் செத்துக் கிடக்கிறாள். அவள் பெயரை ஊருக்கு வைக்கிறான்.

முழுப் பாட்டு கிடைக்கவில்லை, துண்டுகள்தான். அதில் ஒரு துண்டு அவள் எடுத்து வைக்கும் ஆலிவ் காய்களைச் சொல்கிறது. மரத்திலேயே பழுத்தது ஒன்று, தவிட்டு நிறத்தில் ஒன்று, பிறகு வெளுத்த இலையுதிர்கால ஆலிவ், உப்பு நீரில் நீந்தட்டும் என்று அவள் போட்டு வைத்தது. நீந்தட்டும் என்றுதான் மூலத்தில் இருக்கிறது. மாங்காயை உப்பு நீரில் ஊறப்போட்ட ஜாடிக்குள் எட்டிப் பார்த்தவர்களுக்கு இந்த வினைச்சொல்லை விளக்கத் தேவையில்லை.

இன்னொரு துண்டு வியன்னாவில் இருக்கும் ஒரு மரப்பலகையில் கிடைத்தது, 1893இல் அச்சானது. இரவு முழுக்கப் பேசிய இரண்டு பறவைகள் கொஞ்சம் கண்ணயர்கின்றன. அதிக நேரம் இல்லை, உறைபனியோடு விடியல் வந்துவிடுகிறது. திருடர்களின் கைகள் வேட்டையை நிறுத்திவிட்டன. விடியற்கால விளக்குகள் தெரிகின்றன. தண்ணீர் இறைப்பவன் எங்கோ ஏற்றப்பாட்டு பாடுகிறான். தெருவோர வீட்டுக்காரனை வண்டி அச்சின் கிறீச் சத்தம் எழுப்பிவிடுகிறது. இதில் 'ஏற்றப்பாட்டு' என்று நான் எழுதியதற்கு மூலத்தில் இருப்பது ஹிமாயோன், கிணற்றுக் கயிறு இழுக்கிறவன் பாடும் பாட்டுக்கு உரிய ஒற்றைச் சொல். ஆங்கில மொழிபெயர்ப்பில் அதைச் சொல்ல நாலைந்து சொல் வேண்டியிருக்கிறது. நமக்கு ஒரு சொல் போதும். கமலைக்கும் ஏற்றத்துக்கும் உருளைக் கயிற்றுக்கும் வித்தியாசம் உண்டு என்று சண்டைக்கு வருகிறவர்கள் வரட்டும், அந்தச் சண்டையும் வகுப்பில் நடக்க வேண்டியதுதான்.

இப்போது இரண்டாவது குற்றச்சாட்டு, புலமைச் சுமை. இதில் பாதி உண்மை இருக்கிறது, மறைக்க மாட்டேன். சாட்சி இல்லாத எதையும் நான் பாடுவதில்லை என்று அவரே சொன்ன ஒரு வரி கிடைத்திருக்கிறது. அவருடைய துதிப்பாடல்களைத் துணைநூல் இல்லாமல் முதல்முறை படிக்கிறவர் ஊர்ப்பெயரிலும் வம்சப்பெயரிலும் வழி தவறத்தான் செய்வார். நானும் தவறினேன். ஆனால் அந்தப் புலமையைப் பார்த்து முதலில் சிரித்தவரும் அவர்தான். அகோன்தியஸ், கிடிப்பே காதல் கதையை எடுத்துக்கொள்ளுங்கள். டெலோஸ் தீவுத் திருவிழாவில் கிடிப்பேயைப் பார்த்த அகோன்தியஸ், 'அகோன்தியஸையே மணப்பேன் என்று ஆர்ட்டெமிஸ் மேல் ஆணை' என ஒரு பழத்தில் எழுதி அவள் பக்கம் உருட்டிவிடுகிறான். அவள் எடுத்து வாய்விட்டுப் படிக்கிறாள்; படித்ததே சத்தியமாகிவிடுகிறது. வீட்டில் வேறு மாப்பிள்ளை பார்க்கிறார்கள். ஒவ்வொரு முறையும் கல்யாண நேரத்தில் பெண் நோயில் விழுகிறாள்.

கதை சூடாகப் போய்க்கொண்டிருக்கும்போது கவிஞர் ஒரு சடங்கை விளக்கப் போய், அதற்குக் காரணமாக ஹேரா தேவியின் அந்தரங்கக் கதை ஒன்றைத் தொடங்கிவிடுகிறார். பாதி வாக்கியத்தில் தன்னையே அதட்டுகிறார்: நாயே, நாயே, நிறுத்து, வெட்கங்கெட்ட மனமே! அதோடு விடவில்லை. நாக்கை அடக்கத் தெரியாதவனுக்கு அதிகப் படிப்பு பெரிய கேடு, குழந்தை கையில் கத்தி கொடுத்த மாதிரி என்கிறார். கதை முடிந்ததும் இதை எங்கே படித்தேன் தெரியுமா என்று கேயோஸ் தீவின் பழைய வரலாற்று ஆசிரியர் ஸெனோமெடெஸின் பெயரைச் சொல்லி, அந்தத் தீவின் வரலாற்றையும் சில வரியில் அடுக்கிவிட்டுப் போகிறார். காதல் பாட்டுக்குள் அடிக்குறிப்பு! இதைச் சுமை என்கிறீர்கள். என் வகுப்பில் ஒவ்வொரு வருடமும் அதிகம் சிரிப்பு எழுந்த இடம் இதுதான்.

அதே கவிஞர் இரண்டே வரியில் என்ன செய்வார் என்று பார்க்க வேண்டுமா? ஒரு கல்லறைப் பாடல்.

பன்னிரண்டு வயதுப் பிள்ளையைத் தகப்பன் ஃபிலிப்பஸ் எடுத்து வைத்தான்
இங்கே, தன் பெரும் நம்பிக்கையை, நிக்கோத்தெலஸை.

அவ்வளவுதான் பாட்டு. முதல் சொல் வயது, கடைசிச் சொல் பெயர். நான் 'எடுத்து வைத்தான்' என்று எழுதிய இடத்தில் மூலத்தில் இருப்பது அப்பெதேக்கே. ஒதுக்கி வைப்பது, பத்திரமாக எடுத்து வைப்பது என்று பொருள். ஹெக்காலே ஆலிவ் காயை உப்பு நீரில் போட்டு வைத்தாள் என்றேனே, அங்கேயும் இதே வினைச்சொல்தான் வருகிறது. நாளைக்கு வேண்டும் என்று கிழவி காயை எடுத்து வைக்கிறாள். நாளை என்று ஒன்று இல்லாமல் போன தகப்பன் பிள்ளையை எடுத்து வைக்கிறான். இதைச் சொன்ன அன்று வகுப்பில் ஒரு பெண் கையைத் தூக்கினாள். "சார், அழுதான்னு இதுல ஒரு வார்த்தைகூட இல்லையே" என்றாள். அதற்குமேல் அன்று நான் பாடம் நடத்தவில்லை. நாலடியில் ஒரு உலகத்தை அடக்கும் குறுந்தொகையைப் பள்ளியிலேயே படித்துவிட்டு வருகிற பிள்ளைகள் இவர்கள். சங்கப் புலவர்களுக்கும் கல்லிமாக்கஸுக்கும் ஏதோ தொடர்பு என்று கதை கட்ட வரவில்லை, அப்படி எதுவும் கிடையாது. சின்னப் பாட்டைப் பெரிதாகப் படிக்கும் பழக்கம் நம் பிள்ளைகளுக்கு ஏற்கெனவே இருக்கிறது என்று மட்டும் சொல்கிறேன். எட்டாது என்று யாரைக் கேட்டு எழுதினீர்கள்?

மூன்றாவது வாக்கியத்துக்கு வருகிறேன். என்னை இந்த மடல் எழுத வைத்தது உண்மையில் அதுதான்.

அடிப்படையில் நூலகர். சரி, அவர் அலெக்சாந்திரியா நூலகத்தில் செய்த வேலை பெரியது. கிரேக்கத்தில் எழுதி வைத்த அத்தனை துறை நூல்களுக்கும் 'பினாக்கெஸ்' என்று 120 சுருளில் ஒரு பட்டியல் தயாரித்தார். ஆசிரியரின் வாழ்க்கைக் குறிப்பு, அவர் எழுதியவை, ஒவ்வொரு நூலின் முதல் வரி, மொத்தம் எத்தனை வரி. தலைப்பு இல்லாத சுருளையும் ஒரே பெயருள்ள இரண்டு சுருளையும் அடையாளம் காண முதல் வரிதான் கைகொடுக்கும். என் மாணவர்களிடம் இதை விளக்க எந்தச் சங்க நூல் பதிப்பையும் திறந்து பின்பக்கம் பார்க்கச் சொல்வேன். பாட்டு முதற்குறிப்பு அகராதி அங்கே இருக்கும். உடனே புரிந்துவிடும். பினாக்கெஸ் முழுதும் அழிந்துவிட்டது. பின்னால் வந்த அத்தீனியஸ் போன்றவர்கள் எடுத்துக்காட்டிய சில்லறைத் துணுக்குகள்தான் மிச்சம். அதில் எனக்குப் பிடித்தது, பலவகை நூல்கள் என்ற பிரிவில் அவர் பணியாரம் செய்யும் முறை பற்றி எழுதிய நால்வரைப் பெயர் சொல்லிப் பட்டியலிட்டது: எகிமியஸ், ஹெகெசிப்பஸ், மெட்ரோபியஸ், ஃபைஸ்டஸ். பணியாரப் புத்தகத்தையும் விடாத பட்டியல்காரர். 31 வருடம் அந்த வேலை பார்த்தவன் என்ற முறையில் எழுந்து நின்று கும்பிடத் தோன்றுகிறது.

ஆனால் நூலகவியல் துறையில் அவருக்கு நடந்தது என்ன? போன ஆண்டுத் தேர்வில் ஒரு மதிப்பெண் கேள்வி: அலெக்சாந்திரியா நூலகத்தின் முதல் தலைமை நூலகர் யார்? நான்கு விடைகளில் செனோடோட்டஸும் உண்டு, கல்லிமாக்கஸும் உண்டு. விடைக்குறிப்பில் கல்லிமாக்கஸ். என்னிடம் இலக்கியத் தாளைக் கேட்டு உட்கார்ந்த நூலகவியல் மாணவி ஒருத்தி செனோடோட்டஸ் என்று சரியாகவே எழுதி மதிப்பெண் இழந்தாள். எகிப்தின் ஆக்ஸிரிங்கஸில் கிடைத்து 1914இல் அச்சான பாப்பிரஸ் ஒன்றில் அந்த நூலகத் தலைவர்களின் வரிசை இருக்கிறது. அப்பல்லோனியஸ், எரட்டோஸ்தெனெஸ், அரிஸ்டோஃபனெஸ், அரிஸ்டார்க்கஸ் என்று போகும் அந்த வரிசையில் கல்லிமாக்கஸின் பெயர் இல்லை. பட்டியல் போட்டவர் தலைவர் ஆகவில்லை. எங்கள் தொழிலில் இது ஒன்றும் புதுமை இல்லை. மாணவிக்காக நானே மனு எழுதிக் கொடுத்தேன். ஏழு மாதம் ஆகிறது. பெற்றுக்கொண்டோம் என்ற முத்திரையைத் தவிர வேறு பதில் இல்லை.

ஆக, இலக்கியத் துறையில் நூலகர் என்று வெளியே அனுப்புகிறீர்கள். நூலகத் துறையில் அவர் வகிக்காத பதவிக்கு ஒரு மதிப்பெண் கொடுத்து முடித்துவிடுகிறார்கள். இரண்டு இடத்திலும் ஆள் இல்லை.

என் வேலை அனுபவத்தில் ஒன்று சொல்கிறேன், இதை ஊகமாகவே எடுத்துக்கொள்ளுங்கள். தன் பட்டியலில் ஒவ்வொரு நூலுக்கும் எத்தனை வரி என்று குறித்து வைத்தவர் இவர். அதே மனிதர்தான் கவிதையை நீளத்தால் அளக்காதே என்று டெல்கைன்களிடம் சொன்னார். இந்த இரண்டும் தற்செயலாக ஒரே ஆளிடம் வந்து சேர்ந்தவை என்று என்னால் நினைக்க முடியவில்லை. நாள் முழுக்க வரி எண்ணியவனுக்குத்தான் வரி எண்ணிக்கையால் என்ன தெரியும், என்ன தெரியாது என்று துல்லியமாகத் தெரியும். பெரிய புத்தகம் பெரிய கேடு என்று அவர் சொன்னதாக ஒரு வாசகம் உலவுகிறது. அதில் புத்தகம் என்பது பாப்பிரஸ் சுருள். கனத்த சுருளை விரித்துச் சுருட்டி அலுத்துப்போன ஒரு ஊழியரின் முணுமுணுப்பாகவும் அது இருந்திருக்கலாமே என்று எனக்கு அடிக்கடி தோன்றும். அப்படிச் சொன்னவர் 120 சுருளில் பட்டியல் போட்டார் என்பது வேறு விஷயம். இந்த முரணை எந்தத் துறை நடத்தும்? கவிஞரை மட்டும் படித்தால் பட்டியல் தெரியாது, பட்டியலை மட்டும் படித்தால் கவிஞர் தெரியாது.

இன்னொரு விஷயம் உங்கள் கண்ணில் படவே இல்லை போலிருக்கிறது. நான்காம் அலகை எடுத்துவிட்டு ஐந்தாம் அலகை அப்படியே விட்டிருக்கிறீர்கள். அதில் லத்தீன் கவிஞர்கள் கட்டுல்லஸ், வெர்ஜில், புரோப்பர்ட்டியஸ், ஓவிட் இருக்கிறார்கள். பாடநூலில் உள்ள கட்டுல்லஸின் 66ஆம் கவிதை கல்லிமாக்கஸின் 'பெரெனிகேயின் கூந்தல்' பாட்டின் லத்தீன் மொழிபெயர்ப்பு. போருக்குப் போன கணவன், எகிப்து மன்னன் மூன்றாம் தாலமி, திரும்பி வரவேண்டும் என்று நேர்ந்துகொண்டு அரசி பெரெனிகே வெட்டிக் கொடுத்த கூந்தல் கோயிலிலிருந்து காணாமல் போகிறது. அரண்மனை வானியலாளர் கோனோன் அதை வானத்தில் கண்டுபிடித்ததாக அறிவிக்கிறார். பேசுவது அந்தக் கூந்தலேதான். இன்றும் வானியலாளர்கள் ஏற்றிருக்கும் 88 விண்மீன் குழுக்களில் அந்தப் பெயரில் ஒன்று உண்டு. மொழிபெயர்ப்பைப் பாடமாக வைத்துவிட்டு மூலக் கவிஞரைத் தள்ளிவிட்டீர்கள். வெர்ஜிலின் ஆறாம் ஆயர் பாடலில் அப்பல்லோ காதைத் திருகி, ஆட்டைக் கொழுக்க வை, பாட்டை மெல்லிய இழையாய் நூற்றுப் பாடு என்கிறான். எங்கிருந்து வந்தது அது? புரோப்பர்ட்டியஸ் தன்னை ரோமாபுரியின் கல்லிமாக்கஸ் என்று அழைத்துக்கொள்கிறார். அந்த வரி வரும்போது இனி ஆசிரியர் என்ன சொல்வார்? ஒரு நூலகரின் பெயர் என்றா?

ஓவிட் மட்டும் ஒரு குத்தல் வைத்தார். கல்லிமாக்கஸ் உலகெங்கும் பாடப்படுவார், மேதைமையில் வல்லவர் இல்லையென்றாலும் கலையில் வல்லவர் என்று. நீங்கள் உங்கள் தரப்புக்கு வேண்டுமானால் அதை எடுத்துக்கொள்ளலாம். இன்னொன்றையும் நானே தருகிறேன். டெலோஸ் துதியில், தாய் வயிற்றில் இருக்கும் அப்பல்லோ, இந்தக் கோஸ் தீவில் என்னைப் பெறாதே அம்மா, இங்கே இன்னொரு தெய்வம் பிறக்கவேண்டியிருக்கிறது என்கிறான். அந்த இன்னொரு தெய்வம் கவிஞருக்குச் சம்பளம் கொடுத்த இரண்டாம் தாலமி. அதைப் படிக்கும்போது எனக்கும் முகம் சுளிக்கும். நீக்குவதற்கு இதைக் காரணமாகச் சொல்லியிருந்தால்கூட விவாதிக்க ஏதாவது இருந்திருக்கும்.

கிடைத்தது கொஞ்சம்தானே என்று ஒரு உறுப்பினர் வாய்மொழியாகச் சொன்னதாகக் கேள்விப்பட்டேன். 800க்கு மேற்பட்ட சுருள்கள் எழுதியதாகப் பழைய கலைக்களஞ்சியம் சொல்கிறது. முழுதாகக் கைக்கு வந்தது ஆறு துதிகளும் அறுபது சொச்சம் குறும்பாடல்களும். மீதி எகிப்து மணலிலிருந்து வந்தது. கிடிப்பே கதையின் பெரும்பகுதி 1910இல் அச்சானது. டெல்கைன் முன்னுரை 1927இல்தான். அதுவரை ஐரோப்பாவே அவரை அந்த முன்னுரை இல்லாமல்தான் படித்தது. ருடால்ஃப் ஃபைஃபர் என்ற ஜெர்மானிய அறிஞர், மனைவி யூதர் என்பதால் மியூனிக் பணியை இழந்து ஆக்ஸ்ஃபோர்டில் அடைக்கலமாகி, அங்கேயே இந்தத் துண்டுகளையெல்லாம் கோத்து 1949இலும் 1953இலும் இரண்டு தொகுதியாகப் பதிப்பித்தார். அதற்குப் பிறகு 1970களில், மம்மியைச் சுற்றிய அட்டையாக இருந்த பாப்பிரஸிலிருந்து, பிரான்சின் லீல் நகரில் இன்னொரு பகுதி வெளிவந்தது. அந்தப் பகுதி சேர்ந்த பாட்டில் வருவது, ஹெராக்ளீஸ் சிங்க வேட்டைக்குப் போகும் வழியில் தங்கும் ஏழை மொலோர்க்கஸின் குடிசையில், எலித் தொல்லைக்கு அவன் பொறி வைக்கும் கதை. சிங்கம் ஒரு பக்கம், எலி ஒரு பக்கம். கவிஞர் எலிப்பொறிக்கு நேரம் ஒதுக்குகிறார். இது முடிந்துபோன பாடம் கிடையாது. நாளைக்கே இன்னொரு துண்டு வரலாம்.

இப்போது என் கோரிக்கைகள்.

நான்காம் அலகை வரும் கல்வியாண்டிலேயே திரும்பச் சேர்க்க வேண்டும். பழையபடி 15 மணி நேரம் முடியாது என்றால் ஆறு மணி நேரம் கொடுங்கள். டெல்கைன் முன்னுரை, ஹெக்காலே துண்டுகள், கிடிப்பே கதை, நான்கு கல்லறைப் பாடல்கள். இவ்வளவும் அதற்குள் அடங்கும். ஐந்தாம் அலகுக்கு முன்னால் வர வேண்டும், பின்னால் வைத்தால் பயனில்லை.

அந்த ஆறில் இரண்டு மணி நேரம் நூலகவியல் மாணவர்களும் உங்கள் மாணவர்களும் ஒரே அறையில் உட்கார வேண்டும். ஒரு மணி பினாக்கெஸ், ஒரு மணி முன்னுரை. இதற்கு இரு துறைத் தலைவர்களின் கையெழுத்து போதும், கல்விக்குழுவரை போக வேண்டியதில்லை என்று அலுவலகத்தில் விசாரித்துத் தெரிந்துகொண்டேன்.

விடைக்குறிப்பைத் திருத்தி, செனோடோட்டஸ் என்று எழுதிய அத்தனை பேருக்கும் அந்த ஒரு மதிப்பெண்ணை வழங்குமாறு தேர்வுப் பிரிவுக்கு உங்கள் குழு எழுத்தில் பரிந்துரைக்க வேண்டும். அந்த மாணவி முதல் வகுப்பைத் தவறவிட்டது ஒரு மதிப்பெண்ணில் இல்லை என்பது தெரியும். இருந்தாலும் சரியான விடை சரியான விடைதான்.

மாணவர்களுக்கு எட்டாது என்ற வாக்கியத்தைக் குறிப்பிலிருந்து நீக்குங்கள், அல்லது எந்த மாணவர்களைக் கேட்டுச் சொன்னீர்கள் என்று அதன் கீழே எழுதுங்கள். ஒன்பது வருட வருகைப் பதிவேடும், மாணவர்கள் எழுதிய கட்டுரைகளும், அவர்களே செய்த மொழிபெயர்ப்புகளும் என் வீட்டில் இரண்டு அட்டைப்பெட்டியில் இருக்கின்றன. குழு கேட்டால் கொண்டுவந்து தருகிறேன்.

ஆசிரியர் கிடைக்கவில்லை என்பது தடை என்றால், என் தமிழ் மொழிபெயர்ப்பையும் குறிப்புகளையும் துறைக்கு இலவசமாகக் கொடுக்கிறேன், என் பெயர் வேண்டாம். நடத்துவது நானாக இருக்க வேண்டும் என்றும் இல்லை. சன்னம் என்ற சொல்லைத் தந்த பையன் இப்போது உங்கள் துறையிலேயே முனைவர் பட்டத்துக்கு ஆய்வு செய்கிறான். அவனைக் கேட்டுப் பாருங்கள்.

அடுத்த கூட்டம் 30 நாளில் என்று அறிவிப்புப் பலகையில் இருக்கிறது. அதற்கு ஒரு வாரம் முன்னதாக எனக்கு எழுத்தில் பதில் வேண்டும். முத்திரை மட்டும் போதாது.

இப்படிக்கு,
நான்காம் அலகை நடத்தியவன்